26எஸ், டெட்ராமர், ஆல்ஃபா₂பீட்டா₂: புரதக் காம்ப்ளெக்ஸ் பெயர்களை உடைத்துப் படிப்பது எப்படி

புரதக் காம்ப்ளெக்ஸ் என்றால் பல புரதங்கள் ஒட்டிக்கொண்டு ஒன்றாக வேலை செய்யும் கட்டு, அதில் உள்ள ஒவ்வொரு புரதச் சங்கிலியும் ஒரு துணை அலகு. செல்லில் வேண்டாத புரதங்களை வெட்டும் 26எஸ் புரோட்டியசோம் என்பதில் உள்ள 26, அதில் எத்தனை துணை அலகுகள் என்பதைச் சொல்வதில்லை. பாக்டீரியாப் புரதமான சிக்மா-70 என்பதில் உள்ள 70-க்கும், புரதம் தயாரிக்கும் 70எஸ் ரைபோசோமில் உள்ள 70-க்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. பாலூட்டிகளின் மைட்டோகாண்ட்ரியாவில் இருக்கும் நான்காம் காம்ப்ளெக்ஸில் நாலு புரதம் இல்லை, 13-க்குக் குறையாது. செல்லின் ஆற்றல் நாணயமான ஏடிபியைத் தயாரிக்கும் ஏடிபி சிந்தேஸின் எஃப்ஓ பகுதியில் இருக்கும் ஓ, பூஜ்யம் இல்லை, எழுத்து.

பயோகெமிஸ்ட்ரி, பயோடெக்னாலஜி படிக்கிறவர்கள் பெரும்பாலும் இந்தப் பெயர்களை அப்படியே மனப்பாடம் செய்துவிடுகிறார்கள், தேர்வு வரைக்கும் அது ஓடும். ஆனால் கேள்விப்பட்டே இராத ஒரு காம்ப்ளெக்ஸைப் பற்றிய ஆய்வுக் கட்டுரை கைக்கு வந்து, அதில் என்னென்ன புரதங்கள், ஒவ்வொன்றிலும் எத்தனை, எது எதோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது என்று முதல் பத்தியிலேயே புரிந்துகொள்ள வேண்டி வந்தால் மனப்பாடம் கைகொடுக்காது. பெயரை உடைக்கத் தெரிய வேண்டும். இந்தப் பெயர்களை வைத்தவர்கள் ஒரே ஆள் இல்லை, ஒரே காலம் இல்லை, ஒரே முறையும் இல்லை. அதனால் ஒரே விதி எல்லாவற்றுக்கும் பொருந்தாது. ஆனால் கேட்க வேண்டிய கேள்விகள் சில உண்டு, அவற்றை வரிசையாகக் கேட்டால் முக்கால்வாசிப் பெயர்கள் பிடிபட்டுவிடும்.

எண் எதைச் சொல்கிறது?

இதுதான் முதல் கேள்வி. பெயரில் ஓர் எண் இருந்தால் அது பெரும்பாலும் நான்கில் ஒன்றாக இருக்கும்: எத்தனை உருப்படி, எவ்வளவு நிறை, எவ்வளவு வேகமாக அடியில் படிகிறது, அல்லது வெறும் வரிசை எண்.

உருப்படியை எண்ணும் சொற்கள் எல்லாம் 'மர்' அல்லது 'மெர்' என்று முடியும். தனியாக நிற்பது மோனோமர், இரண்டு சேர்ந்தால் டைமர், மூன்று ட்ரைமர், நான்கு டெட்ராமர், ஐந்து பென்டாமர், ஆறு ஹெக்ஸாமர், ஏழு ஹெப்டாமர், எட்டு ஆக்டாமர், பத்து டெகாமர், பன்னிரண்டு டோடெகாமர். அதற்கு மேல் கிரேக்க எண்களை யாரும் நினைவில் வைத்துக்கொள்வதில்லை, 14-மெர், 24-மெர் என்று எழுதிவிட்டுப் போய்விடுகிறார்கள், அதில் தப்பும் இல்லை. எண்ணிக்கையைச் சொல்லாமல் 'சில துண்டுகள் சேர்ந்தது' என்று மட்டும் சொல்ல ஒலிகோமர் என்ற சொல் இருக்கிறது.

நிறையைச் சொல்லும் எண் கிலோடால்டனில் (மூலக்கூறின் நிறையை அளக்கும் அலகு) இருக்கும், அலகை எழுத மாட்டார்கள், நாமே தெரிந்துகொள்ள வேண்டும். எச்எஸ்பி70, எச்எஸ்பி90, பி53, என்யூபி107, பாக்டீரியாவின் சிக்மா-70, சிக்மா-54, சிக்மா-32 எல்லாம் இந்த வகை. இதில் கவனிக்க வேண்டியது, இந்த நிறை ஒரே ஒரு சங்கிலியின் நிறை, முழுக் காம்ப்ளெக்ஸின் நிறை இல்லை. எச்எஸ்பி60 என்றால் ஒரு துண்டு சுமார் 60 கிலோடால்டன், ஆனால் அது ஏழு ஏழாக வளையம் கட்டித்தான் வேலை செய்யும். இன்னொன்று, இந்த எண்களில் பல, மின்சாரம் பாய்ச்சிய ஜெல்லில் புரதம் எவ்வளவு தூரம் ஓடியது என்று பார்த்துப் போட்டவை. பி53-இன் உண்மையான நிறை சுமார் 43.7 கிலோடால்டன்தான், புரோலின் என்ற அமினோ அமிலம் நிறைய இருப்பதால் ஜெல்லில் மெதுவாக ஓடி 53 மாதிரித் தெரிந்தது, அந்தப் பெயரே நிலைத்துவிட்டது. வேலை செய்யும்போது அது டெட்ராமர், அந்த விவரம் பெயரில் எங்கும் இல்லை.

வேகத்தைச் சொல்லும் எண்ணுக்குப் பின்னால் எஸ் வரும். இதைத் தனியாகப் பார்ப்போம், குழப்பத்தில் பாதி அங்கேதான் இருக்கிறது.

வரிசை எண் இருப்பதிலேயே எளிது, ஏமாற்றுவதும் அதுதான். முதலாம் காம்ப்ளெக்ஸ், இரண்டாம் காம்ப்ளெக்ஸ் என்பதெல்லாம் சுவாசச் சங்கிலியின் பகுதிகளுக்குப் போட்ட எண்கள், அவ்வளவுதான். பாலூட்டிகளின் முதலாம் காம்ப்ளெக்ஸில் 45 துணை அலகுகள், பாக்டீரியாவில் அதே வேலையை 14-ஐ வைத்து முடித்துவிடுகிறது, இரண்டாம் காம்ப்ளெக்ஸில் 4 மட்டும்தான். டிஎன்ஏவைப் பார்த்து ஆர்என்ஏ எழுதும் ஆர்என்ஏ பாலிமரேஸ் 2-இல் 12 துணை அலகுகள், ஆர்பிபி1 முதல் ஆர்பிபி12 வரை. அங்கே மட்டும் எண்ணுக்குக் கொஞ்சம் அர்த்தம் உண்டு, பெரிய துண்டிலிருந்து சிறியதை நோக்கிப் போட்டிருக்கிறார்கள்.

எஸ் என்றால் என்ன, ஏன் கூட்டினால் சரியாக வராது

எஸ் என்பது ஸ்வெட்பெர்க் அலகு. ஸ்வீடனில் உப்சாலாவில் அதிவேக மையவிலக்குக் கருவியை உருவாக்கி 1926-இல் வேதியியல் நோபல் வாங்கிய தியோடர் ஸ்வெட்பெர்க்கின் பெயர். 1எஸ் என்றால் 10⁻¹³ விநாடி. ஒரு துகள் மையவிலக்கில் எவ்வளவு வேகமாக அடியை நோக்கிப் போகிறது என்பதை, கருவியின் முடுக்கத்தால் வகுத்தால் கிடைப்பது இது.

அந்த வேகம் நிறையை மட்டும் பொறுத்தது இல்லை, வடிவத்தையும் பொறுத்தது. ஒரே தாளை விரித்தபடி போட்டால் மெதுவாக இறங்கும், கசக்கிப் போட்டால் சட்டென்று விழும், அந்தக் கதைதான். இரண்டு துண்டுகள் ஒட்டிக்கொள்ளும்போது நிறை கூடுகிறது, ஆனால் உராய்வு அதே விகிதத்தில் கூடுவதில்லை, அதனால் எஸ் மதிப்பு நேரடிக் கூட்டலாக வராது. பாக்டீரியா ரைபோசோம் 50எஸ்-உம் 30எஸ்-உம் சேர்ந்து 70எஸ் ஆவதும், நம் செல்களில் 60எஸ்-உம் 40எஸ்-உம் சேர்ந்து 80எஸ் ஆவதும் இதனால்தான். '50-உம் 30-உம் சேர்ந்து எண்பது வரவில்லையே, எங்கே போச்சு அந்த பத்து' என்று வகுப்பில் யாராவது கேட்டால் அது நல்ல கேள்வி, விடை வடிவத்தில் இருக்கிறது.

புரோட்டியசோமுக்கு வாருங்கள். நடுவில் பீப்பாய் போன்ற 20எஸ் மையம். அதன் ஒரு முனையில் 19எஸ் மூடி ஒட்டினால் 26எஸ். இரண்டு முனையிலும் மூடி ஒட்டினால் அதைச் சிலர் 30எஸ் புரோட்டியசோம் என்று எழுதுவார்கள். இப்போது உங்கள் கையில் இரண்டு 30எஸ் இருக்கிறது, ஒன்று ரைபோசோமின் சிறிய பாதி, இன்னொன்று இரட்டை மூடி போட்ட புரோட்டியசோம். இரண்டுக்கும் அடியில் படியும் வேகம் தவிர வேறு ஒற்றுமை இல்லை. ஆகவே வெறும் '30எஸ்' என்று எழுதாதீர்கள், எதன் 30எஸ் என்பதையும் எழுதுங்கள்.

இன்னொரு பொறி. எண்ணுக்குப் பின்னால் எஸ் வந்தால் ஸ்வெட்பெர்க். எஸ்-க்குப் பின்னால் எண் வந்தால் அது வேறு. 5எஸ் என்பது ரைபோசோமின் பெரிய பாதியில் இருக்கும் ஓர் ஆர்என்ஏ. எஸ்5 என்பது சிறிய பாதியில் இருக்கும் ஒரு புரதம், அங்கே எஸ் என்றால் சிறியது, எல் என்றால் பெரியது. சிக்மா-எஸ் என்று ஒன்றும் இருக்கிறது, அதில் எஸ் என்பது பாக்டீரியா வளர்ச்சி தேங்கி நிற்கும் நிலையைக் குறிப்பது. கட்டுரையை வேகமாகப் புரட்டும்போது இவை மூன்றும் ஒன்றுபோலக் கண்ணில் படும்.

ரைபோசோமில் 'துணை அலகு' என்ற சொல்லே இரண்டு தளத்தில் ஓடுகிறது என்பதையும் இங்கேயே சொல்லிவிடலாம். 30எஸ் என்பதை ரைபோசோமின் துணை அலகு என்கிறோம். ஆனால் ஈ. கோலை என்ற பாக்டீரியாவில் அந்த ஒரு துணை அலகுக்குள்ளேயே 16எஸ் ஆர்என்ஏவும் 21 புரதங்களும் இருக்கின்றன. சிதம்பரத்தில் பிறந்த வெங்கட்ராமன் ராமகிருஷ்ணன் 2009-இல் யோனத், ஸ்டைட்ஸ் ஆகியோருடன் நோபலைப் பகிர்ந்துகொண்டது ரைபோசோம் அமைப்புக்காக. அவர் குழு 2000-இல் அணு அளவு விவரத்தோடு வெளியிட்டது இந்த 30எஸ் துணை அலகைத்தான், முழு ரைபோசோமை இல்லை. சில செய்திகளில் இந்த வித்தியாசம் காணாமல் போய்விடுகிறது.

ஒரே மாதிரியா, வேறு வேறா?

அடுத்த கேள்வி சுலபம். எல்லாத் துண்டுகளும் ஒரே புரதம் என்றால் ஹோமோ, வேறு வேறு என்றால் ஹெட்டரோ. பி53 ஹோமோடெட்ராமர். ஹீமோகுளோபின் ஹெட்டரோடெட்ராமர், 141 அமினோ அமிலம் கொண்ட ஆல்ஃபா இரண்டு, 146 கொண்ட பீட்டா இரண்டு. ஜி-புரதத்தை ஹெட்டரோட்ரைமர் என்பார்கள், ஆல்ஃபா, பீட்டா, காமா என்று ஆளுக்கொன்று.

இது வெறும் பெயர்ச் சமாச்சாரம் இல்லை. ஆல்ஃபா தலசீமியா என்ற பரம்பரை இரத்த நோயில் ஆல்ஃபா சங்கிலி போதாமல் போகும்போது மிஞ்சிய பீட்டாக்கள் நான்கும் தங்களுக்குள்ளேயே சேர்ந்துகொள்கின்றன. பீட்டா₄, அதாவது ஹோமோடெட்ராமர், பெயர் ஹீமோகுளோபின் எச். குழந்தை பிறக்கும் முன்பே நடந்தால் காமா₄, பெயர் ஹீமோகுளோபின் பார்ட்ஸ். நான்கு துண்டு இருக்கிறது, ஆக்சிஜனைப் பிடிக்கும் ஹீம் இருக்கிறது, ஆக்சிஜனும் ஒட்டுகிறது, ஆனால் திசுவுக்குப் போனதும் அதை விடுவதில்லை. துண்டுகள் ஒன்றோடொன்று பேசி ஆக்சிஜனைப் பிடித்து விடும் அந்தக் கூட்டுறவு, ஆல்ஃபாவும் பீட்டாவும் கலந்திருந்தால்தான் வருகிறது. ரிப்போர்ட்டில் ஹோமோவா ஹெட்டரோவா என்ற ஒரு முன்னொட்டுக்குள் ஒரு நோயே இருக்கிறது.

இரண்டு வகைத் துண்டுகள் எந்த விகிதத்திலும் கலக்கலாம் என்றால் ஒரு காம்ப்ளெக்ஸ் பல வடிவங்களில் கிடைக்கும். லாக்டேட் டிஹைட்ரோஜினேஸ் என்ற நொதி ஒரு டெட்ராமர், துண்டுகள் எச் (இதயம்), எம் (தசை) என்று இரண்டு வகை. எச்₄, எச்₃எம், எச்₂எம்₂, எச்எம்₃, எம்₄ என ஐந்து ஐசோசைம்கள் (ஒரே நொதியின் வெவ்வேறு வடிவங்கள்), எல்டிஎச்1 முதல் எல்டிஎச்5 வரை. இங்கே கடைசி எண் வரிசை எண், எச்சுக்குக் கீழே இருப்பது எண்ணிக்கை. ஒரே பத்தியில் இரண்டும் வரும், கண்ணைத் திறந்து படிக்க வேண்டும்.

கிரேக்க எழுத்தும் கீழே இருக்கும் எண்ணும்

ஆல்ஃபா, பீட்டா என்ற எழுத்துகளுக்கு அந்தந்தக் காம்ப்ளெக்ஸுக்கு வெளியே மதிப்பு கிடையாது. ஹீமோகுளோபினின் ஆல்ஃபாவுக்கும் ஆர்என்ஏ பாலிமரேஸின் ஆல்ஃபாவுக்கும் ஏடிபி சிந்தேஸின் ஆல்ஃபாவுக்கும் உறவே இல்லை.

கீழே சின்னதாக எழுதும் எண் எண்ணிக்கை. எழுத்தின் வரியிலேயே எழுதும் எண் வகையின் பெயர். இந்த ஒரு வேறுபாட்டைத் தவறவிட்டால் 20எஸ் புரோட்டியசோம் புரியவே புரியாது. அது நான்கு வளையங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியது, ஆல்ஃபா₇பீட்டா₇பீட்டா₇ஆல்ஃபா₇, மொத்தம் 28. தெர்மோபிளாஸ்மா என்ற ஆர்க்கியாவில் ஒரே ஒரு வகை ஆல்ஃபா, ஒரே ஒரு வகை பீட்டா, ஒவ்வொன்றிலும் 14. நம் உடலிலோ ஆல்ஃபா வளையத்தின் ஏழு இடத்திலும் ஏழு வெவ்வேறு புரதங்கள், ஆல்ஃபா1 முதல் ஆல்ஃபா7 வரை, பீட்டாவிலும் அப்படியே. ஆக ஆல்ஃபா₇ என்றால் ஏழு ஆல்ஃபாக்கள், ஆல்ஃபா7 என்றால் ஏழாவது ஆல்ஃபா. வெட்டும் வேலை செய்வது பீட்டா1, பீட்டா2, பீட்டா5 மட்டும். மல்டிபிள் மைலோமா என்ற இரத்தப் புற்றுநோய்க்குக் கொடுக்கும் போர்ட்டெசோமிப் மருந்து முக்கியமாகப் பிடிப்பது பீட்டா5-ஐ. நோயெதிர்ப்புச் செல்களில் இந்த மூன்றையும் மாற்றி பீட்டா1ஐ, பீட்டா2ஐ, பீட்டா5ஐ என்று வேறு மூன்றைச் செல்லே பொருத்திக்கொள்ளும், இங்கே ஐ என்பது வேற்றுமை உருபு இல்லை, இம்யூனோ என்பதன் முதல் ஆங்கில எழுத்து.

இதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. மரபணுப் பெயர்கள் வேறு எண்ணில் ஓடுகின்றன. பிஎஸ்எம்பி5 என்ற மரபணு பீட்டா5-ஐத் தருகிறது, சரி. ஆனால் பீட்டா1-ஐத் தருவது பிஎஸ்எம்பி6, பீட்டா2-ஐத் தருவது பிஎஸ்எம்பி7. பிஎஸ்எம்ஏ7 தருவது ஆல்ஃபா4-ஐ, ஆல்ஃபா7-ஐத் தருவது பிஎஸ்எம்ஏ3. மரபணு வரிசை எண்ணை வைத்துத் துணை அலகின் எண்ணை ஊகிக்கவே கூடாது, ஒவ்வொரு முறையும் அட்டவணையைப் பார்த்தே ஆக வேண்டும். ஆர்என்ஏ தரவை ஆராய்கிறவர்கள் இதில் சறுக்குவது சகஜம்.

எழுத்துக்கு மேலே ஒரு சின்னக் கோடு இருந்தால் ப்ரைம். பாக்டீரியா ஆர்என்ஏ பாலிமரேஸ் ஆல்ஃபா₂பீட்டா பீட்டாப்ரைம் ஒமேகா. பீட்டாவும் பீட்டாப்ரைமும் வெவ்வேறு புரதங்கள், மரபணுவும் வேறு, ஆர்பிஓபி, ஆர்பிஓசி. காசநோய்க்கான ரிஃபாம்பிசின் ஒட்டுவது பீட்டாவில், அதனால்தான் எதிர்ப்புத்தன்மைப் பரிசோதனையில் ஆர்பிஓபியைத் தேடுகிறார்கள்.

எதனுடைய டைமர்?

'டைமர்' என்று பார்த்ததும் இரண்டு சங்கிலி என்று முடிவுகட்டாதீர்கள். எதை ஓர் அலகாக எடுத்து எண்ணினார்கள் என்று கேளுங்கள். திரும்பத் திரும்ப வரும் அந்த அலகுக்கு ப்ரோட்டோமர் என்று பெயர், அது ஒரே சங்கிலியாகவும் இருக்கலாம், பத்துச் சங்கிலிகளின் கட்டாகவும் இருக்கலாம்.

ஐஜிஎம் ஆன்டிபாடியைப் பென்டாமர் என்று சொல்லிக்கொடுக்கிறார்கள். சங்கிலியை எண்ணினால் கனச் சங்கிலி 10, இலேசு சங்கிலி 10, கூடவே ஜே சங்கிலி ஒன்று. எண்ணப்பட்டது எச்₂எல்₂ (கனம் இரண்டு, இலேசு இரண்டு) என்ற ஒய் வடிவ அலகு, அது ஐந்து முறை. சுவாசச் சங்கிலியின் மூன்றாம் காம்ப்ளெக்ஸ் டைமர், பாலூட்டிகளில் அந்த டைமரின் ஒவ்வொரு பாதியிலும் 11 துணை அலகுகள். ஹீமோகுளோபினையே ஆல்ஃபா-பீட்டா ஜோடிகளின் டைமர் என்று எழுதுவோரும் உண்டு, அதுவும் சரி, ஏனென்றால் பிரியும்போது அது அந்த ஜோடிகளாகத்தான் பிரிகிறது.

டிஎன்ஏ சுற்றிக்கொள்ளும் ஹிஸ்டோன் புரதங்களின் ஆக்டாமர் இன்னும் நல்ல உதாரணம். எச்2ஏ, எச்2பி, எச்3, எச்4 ஒவ்வொன்றிலும் இரண்டு, மொத்தம் எட்டு. (இங்கே எச்2ஏ-யில் உள்ள 2 எண்ணிக்கை இல்லை, பெயர்.) ஆனால் எட்டும் ஒரே மூச்சில் வந்து சேர்வதில்லை. எச்3-எச்4 ஜோடிகள் இரண்டு சேர்ந்து ஒரு டெட்ராமர், அது டிஎன்ஏவில் முதலில் உட்காரும், அப்புறம் இரண்டு பக்கமும் எச்2ஏ-எச்2பி டைமர் வந்து சேரும். கட்டுரையில் அடைப்புக்குறி போட்டு (எச்3-எச்4)₂ என்று எழுதியிருந்தால், அடைப்புக்குள் இருப்பது முதலில் சேரும் கட்டு என்று அர்த்தம். அடைப்புக்குறியை யாரும் அலங்காரத்துக்குப் போடுவதில்லை.

கோர், ஹோலோ, அப்போ

சுருக்கமாகச் சொல்லிவிடலாம். கோர் என்றால் அடிப்படை வேலையைச் செய்யத் தேவையானது மட்டும். ஹோலோ என்றால் எல்லாம் பொருந்திய முழு வடிவம். அப்போ என்றால் ஏதோ ஒன்று, பெரும்பாலும் உலோகமோ கோஃபாக்டர் எனும் துணை மூலக்கூறோ, கழன்ற நிலை. ஆர்என்ஏ பாலிமரேஸின் கோர் ஆர்என்ஏவை நீட்டும், ஆனால் எங்கே தொடங்குவது என்று அதற்குத் தெரியாது. சிக்மா வந்து சேர்ந்தால் ஹோலோ, தொடங்கும் இடத்தைக் காட்டும் ப்ரோமோட்டரைக் கண்டுபிடிக்கும். இரும்பைச் சேமிக்கும் ஃபெரிட்டின் 24-மெர், உள்ளே சுமார் 4,500 இரும்பு அணுக்கள் வரை அடங்கும். இரும்பு இல்லாத வெற்றுக்கூடு அப்போஃபெரிட்டின். உறையவைத்த மாதிரியைப் பார்க்கும் கிரையோ மின்நுண்ணோக்கிக்காரர்கள் கருவியைச் சோதிக்கப் பெரும்பாலும் அதைத்தான் எடுக்கிறார்கள், சமச்சீர் அவ்வளவு நன்றாக இருக்கும்.

ஒன்றை முழுதாக உடைத்துப் பார்ப்போம்

எஃப்1எஃப்ஓ ஏடிபி சிந்தேஸ். எஃப் என்பது ஃபேக்டர், 1 என்பது வரிசை எண், முதலில் பிரித்தெடுத்த பகுதி. ஓ என்பது ஒலிகோமைசின், அந்த ஆன்டிபயாடிக் ஒட்டி வேலையை நிறுத்தும் பகுதி, அதனால் எஃப்-ஓ என்றுதான் வாசிக்க வேண்டும், எஃப்-ஜீரோ இல்லை. பாடப்புத்தகங்களிலேயே பூஜ்யமாக அச்சாகியிருப்பதைப் பார்க்கலாம்.

எஃப்1-இன் அமைப்பு ஆல்ஃபா₃பீட்டா₃காமா டெல்டா எப்சிலான். கீழே எண் இல்லாதவை ஒன்றே ஒன்று. ஆல்ஃபாவும் பீட்டாவும் மாறி மாறி ஆறு பேர் வட்டமாக, நடுவே காமா தண்டு மாதிரி சுழல்கிறது. ஏடிபி உருவாகும் இடம் பீட்டாவில், மூன்று பீட்டா, ஆகவே ஒரு முழுச் சுற்றுக்கு 3 ஏடிபி. ஜான் வாக்கர் குழு 1994-இல் மாட்டு இதயத்திலிருந்து எடுத்த எஃப்1-இன் அமைப்பை வெளியிட்டபோது மூன்று பீட்டாவும் மூன்று வெவ்வேறு நிலையில் இருந்தன, பால் பாயர் முன்பே சொன்ன சுழற்சி முறை அதோடு பொருந்தியது, 1997-இல் இருவரும் நோபலில் பங்கு பெற்றார்கள்.

எஃப்ஓ பக்கம் வந்தால் ஏ, பி, சி என்று சிறிய ஆங்கில எழுத்துகள். ஈ. கோலையில் ஏபி₂சி₁₀. மற்ற எண்கள் ஓரளவு நிலையானவை, சி மட்டும் உயிரினத்துக்கு உயிரினம் மாறும்: மாட்டு மைட்டோகாண்ட்ரியாவில் 8, ஈஸ்ட்டில் 10, பசலைக்கீரை குளோரோபிளாஸ்டில் 14. இதை ஏன் கவனிக்க வேண்டும் என்றால், சி வளையம் ஒரு சுற்றுச் சுற்ற ஒரு சி-க்கு ஒரு புரோட்டான் வேண்டும். சுற்றுக்கு 3 ஏடிபி. மாட்டில் ஓர் ஏடிபிக்கு 8-ஐ 3-ஆல் வகுத்து சுமார் 2.7 புரோட்டான், பசலையில் 14-ஐ 3-ஆல் வகுத்து சுமார் 4.7. கீழே குட்டியாக எழுதிய ஓர் எண், செல்லின் ஆற்றல் கணக்கையே நிர்ணயிக்கிறது. பெயரை உடைத்துப் படிக்கச் சொல்வது இந்த மாதிரிக் கணக்குகளுக்காகத்தான்.

எண்ணிக்கையை நாமே சரிபார்ப்பது

பெயரை நம்பிவிட்டால் போதாது, சரிபார்க்கவும் வேண்டும். அடிப்படைக் கணக்கு பழையது. ஹீமோகுளோபினில் உள்ள இரும்பின் அளவை வைத்துப் பார்த்தால் நிறை சுமார் 16,700 என்று வந்துகொண்டிருந்தது. 1925-இல் ஏடேர் சவ்வூடு பரவல் அழுத்தத்தை அளந்தும், அடுத்து ஸ்வெட்பெர்க் மையவிலக்கிலும் பார்த்தபோது முழு மூலக்கூறு அதைப்போல் நான்கு மடங்கு என்று தெரிந்தது. முழு நிறையைத் துண்டின் நிறையால் வகு. இன்றும் அதைத்தான் செய்கிறோம்.

எஸ்டிஎஸ் ஜெல் காம்ப்ளெக்ஸை உடைத்துத் துண்டின் நிறையைத் தரும். ஜெல் ஃபில்ட்ரேஷனோ நேட்டிவ் மாஸ் ஸ்பெக்ட்ரோமெட்ரியோ முழு நிறையைத் தரும். பாக்டீரியாவின் எச்எஸ்பி60 ஆன க்ரோஈஎல்லின் துண்டு 57 கிலோடால்டன், முழுசு சுமார் 800, வகுத்தால் 14, ஏழு ஏழாக இரண்டு வளையம். ஜெல் ஃபில்ட்ரேஷனை மட்டும் நம்பினால் நீளமான புரதம் உண்மையைவிடப் பெரியதாகத் தெரியும், டைமரை டெட்ராமர் என்று எழுதிவைத்த கதைகள் உண்டு. ஒளிச்சிதறல் அளவீட்டையோ பகுப்பாய்வு மையவிலக்கையோ சேர்த்துப் பார்ப்பது நல்லது. ஜெல்லில் பட்டைகளின் அடர்த்தியைப் பார்த்து 'ஆல்ஃபாவும் பீட்டாவும் ஒன்றுக்கு ஒன்று' என்று மட்டும் தெரிந்தால் அது விகிதம்தான். ஆல்ஃபாபீட்டா, ஆல்ஃபா₂பீட்டா₂, ஆல்ஃபா₃பீட்டா₃ மூன்றுக்கும் அதே விகிதம்.

ஆய்வகம் இல்லாதவர்களுக்குத் தரவுத்தளங்கள் இருக்கின்றன. யூனிப்ராட்டில் ஒவ்வொரு புரதத்தின் பக்கத்திலும் அது யாரோடு, எத்தனையாகச் சேர்கிறது என்று ஒரு பகுதி இருக்கும். ஐரோப்பிய உயிர்த்தகவலியல் நிறுவனத்தின் காம்ப்ளெக்ஸ் போர்ட்டலில் காம்ப்ளெக்ஸின் பெயரையே தேடலாம். பிடிபி எனும் புரதத் தரவு வங்கிக்குப் போனால் ஓர் எச்சரிக்கை: கோப்பில் இருக்கும் சங்கிலிகளை எண்ணி முடிவுக்கு வராதீர்கள். படிகத்தின் சமச்சீரில் திரும்பத் திரும்ப வரும் குறைந்தபட்சப் பகுதிதான் கோப்பில் இருக்கும். ஆக்சிஹீமோகுளோபினின் 1எச்எச்ஓ கோப்பைத் திறந்தால் ஓர் ஆல்ஃபா, ஒரு பீட்டா, அவ்வளவுதான், பாதி மூலக்கூறு. 2எச்எச்பி கோப்பில் நான்கும் இருக்கும். எப்போதும் 'உயிரியல் கூட்டமைவு' என்ற தேர்வைச் சொடுக்கி முழு வடிவத்தை இறக்குங்கள்.

பழைய பெயர்களைப் படிக்கும்போது கொஞ்சம் வரலாறும் தெரிந்திருக்க வேண்டும். ஈ. கோலை ரைபோசோமின் பெரிய பாதிப் புரதங்களுக்கு எல்1, எல்2 என்று எண் போட்டுக்கொண்டே போனபோது எல்8 என்று ஒன்று வந்தது. பிறகு பார்த்தால் அது தனிப் புரதமே இல்லை, எல்10-உம் எல்7/எல்12-உம் ஒட்டிக்கொண்டு ஜெல்லில் ஒரே புள்ளியாகத் தெரிந்த காம்ப்ளெக்ஸ். எல்7 என்பதே எல்12-இன் அசிட்டைல் ஒட்டிய வடிவம். எல்26-ஐத் தேடிப் போனால் அது சிறிய பாதியின் எஸ்20. அதனால்தான் பட்டியலில் ஓட்டைகள். மனித எஸ்5-உம் பாக்டீரியா எஸ்5-உம் ஒன்று இல்லை, பாக்டீரியா எஸ்5-க்கு மனிதனில் சொந்தம் எஸ்2. இந்தக் குழப்பத்தைத் தீர்க்க 2014-இல் ஒரு புதிய பெயரிடல் முறை வந்தது: எல்லா உயிரிலும் இருப்பதற்கு முன்னால் யூ, பாக்டீரியாவுக்கு பி, யூகேரியோட்டுக்கு ஈ. யூஎஸ்5 என்று எழுதினால் எந்த உயிரினத்திலும் அதே குடும்பம். பழைய கட்டுரைகள் மாறப்போவதில்லை என்பதால் இரண்டு முறையும் தெரிந்திருக்க வேண்டியதுதான்.

நீங்களே எழுதும்போது

முதல்முறை குறிப்பிடும்போது எண்ணிக்கை, வகை, முடிந்தால் நிறை மூன்றையும் எழுதிவிடுங்கள். தாவரங்களில் கார்பன்டைஆக்சைடைப் பிடிக்கும் நொதியை எடுத்துக்கொண்டால், 'ருபிஸ்கோ பெரிய துணை அலகு எட்டும் சிறிய துணை அலகு எட்டும் சேர்ந்த எல்₈எஸ்₈, சுமார் 550 கிலோடால்டன்' என்று ஒரு வரி போதும், அதற்குப் பிறகு ருபிஸ்கோ என்றால் போதும். உயிரினத்தையும் சொல்லுங்கள், ரோடோஸ்பிரில்லம் ரூப்ரம் என்ற பாக்டீரியாவில் அதே ருபிஸ்கோ வெறும் எல்₂. எண்ணிக்கை உறுதியாகத் தெரியாவிட்டால் 'பல துணை அலகுக் காம்ப்ளெக்ஸ்' என்று எழுதுவதே நேர்மை, ஊகித்து ஹெக்ஸாமர் என்று போடாதீர்கள். அணுக்கருத் துளைக் காம்ப்ளெக்ஸ் போன்ற ராட்சதர்களுக்கு மெர் கணக்கே வேண்டாம். சுமார் 30 வகைப் புரதங்கள், எட்டு மடங்குச் சமச்சீர், பிரதிகள் நூற்றுக்கணக்கில் என்று எழுதினால் படிக்கிறவருக்குப் படம் கிடைத்துவிடும்.

கடைசியாகத் தட்டச்சு விஷயம். கீழெண் போட வசதியில்லாத இடத்தில் ஆல்ஃபா2பீட்டா2 என்று வரியிலேயே எழுதினால் அது இரண்டாவது ஆல்ஃபாவா இரண்டு ஆல்ஃபாவா என்று தெரியாது, அப்படிப்பட்ட இடத்தில் 'இரண்டு ஆல்ஃபா, இரண்டு பீட்டா' என்று வார்த்தையில் எழுதிவிடுங்கள். பீட்டாப்ரைமின் கோடு கோப்பு மாறும்போது மேற்கோள் குறியாக மாறிவிடும், சில சமயம் காணாமலே போகும், போனால் பீட்டா இரண்டு முறை வந்த மாதிரி ஆகிவிடும். அனுப்பும் முன் அதை ஒருமுறை தேடிப் பார்த்துவிடுங்கள், எஃப்ஓ எங்காவது எஃப்0 ஆகியிருக்கிறதா என்பதையும் அப்போதே பார்த்துக்கொள்ளலாம்.